‘கொல்’லும் ‘கில்’லும் உறவா?

நம்பிக்கை: ஓவேலியில் இருப்பது தமிழ் ‘வேலி’.

உண்மை: நீலகிரியின் கூடலூர் வட்டத்துப் பேரூராட்சியான ஓவேலிக்கும் முள்வேலிக்கும் சம்பந்தமில்லை. 19ஆம் நூற்றாண்டில் இங்கே காப்பித் தோட்டம் போட்ட ஜேம்ஸ் ஆக்டர்லோனியின் பெயரால் இது ‘ஆக்டர்லோனி வேலி’ ஆயிற்று. ஆங்கிலத்தில் ‘வேலி’ என்றால் பள்ளத்தாக்கு. முன்பாதி ‘ஓ’ என்று சுருங்கிவிட்டது. ஓசையை மட்டும் நம்பினால் எவ்வளவு தூரம் வழி தவறுவோம் என்பதற்கு இந்த ஊர்ப் பெயரே சாட்சி.

நம்பிக்கை: ‘கில்’ என்ற ஆங்கில வினை நம் ‘கொல்’லில் பிறந்தது.

உண்மை: ஓசையும் பொருளும் ஒத்துப்போவதால் மனம் சட்டென்று ஒப்புக்கொள்கிறது. ஆனால் பழைய ஆங்கிலத்தில் கொல்வதைச் சொல்ல வழங்கியது ‘ஸ்லேயன்’. இன்றைய ‘ஸ்லே’ அதன் வாரிசு. ‘கில்’ 13ஆம் நூற்றாண்டு வாக்கில்தான் எழுத்தில் தலைகாட்டுகிறது. அன்று அதற்கு அடித்தல், தாக்குதல் என்றே பொருள். உயிரை எடுப்பது பிறகு சேர்ந்தது. பின்னோக்கிப் போகப் போக அது ‘கொல்’லை விட்டு விலகுகிறது.

நம்பிக்கை: ‘க்ரை’ என்பது ‘கரைதல்’.

உண்மை: 1066இல் நார்மானியர் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு பிரெஞ்சிலிருந்து வந்த சொல் அது. முதலில் கூவி வேண்டுவதைக் குறித்தது; கண்ணீர் விடுவது 16ஆம் நூற்றாண்டில் ஏறிய பொருள்.

நம்பிக்கை: இரண்டு சொற்கள் ஒத்து ஒலித்தால் உறவு உறுதி.

உண்மை: ஒரு ஜோடி போதாது, வரிசை வேண்டும். நம் பால் கன்னடத்தில் ஹாலு; புலி, ஹுலி; பல், ஹல்லு. சொல்லின் முதலில் ‘ப’ வரும் இடத்தில் ‘ஹ’ தவறாமல் வருகிறது. இதுதான் உறவின் அடையாளம். கொழுந்து பறிப்பதை ஆங்கிலத்தில் ‘ப்ளக்’ என்கிறார்கள், ஜெர்மனில் ‘ப்ஃப்ளூக்கன்’. மிளகுக்கு ஆங்கிலத்தில் ‘பெப்பர்’, ஜெர்மனில் ‘ப்ஃபெஃபர்’. அதே ஒழுங்கு. ‘கில்’லுக்கும் ‘கொல்’லுக்கும் நடுவே இப்படி ஒரு வரிசையும் இல்லை.

‘கொல்’லின் சொந்தங்கள் கூடலூர்ப் பக்கத்திலேயே பேசப்படுகின்றன: மலையாளத்தில் கொல்லுக, கன்னடத்தில் கொல்லு. 1930களில் நீலகிரிக்கு வந்து தோடர், கோத்தர் மொழிகளைக் கேட்டு எழுதிய மொழியியலாளர் எமனோ, இன்னொரு மொழி ஆய்வாளரான பர்ரோவுடன் சேர்ந்து 1961இல் வெளியிட்ட திராவிட வேர்ச்சொல் அகராதி இத்தகைய உறவுகளைத்தான் தொகுத்துத் தருகிறது.

தமிழிலிருந்து ஆங்கிலத்துக்குப் போன சொற்கள் உண்டு: கட்டுமரம், சுருட்டு, மிளகுத்தண்ணீர். வணிகத்தோடும் ஆட்சியோடும் போன தடம் அவற்றுக்கு இருக்கிறது. ஒலி ஒற்றுமையை மட்டும் வைத்து ஆங்கிலச் சொற்களைத் தமிழாக்கும் பொய்ப் பட்டியல்களைப் பரப்பினால் இந்த மெய்யான சொற்களையும் யாரும் நம்பமாட்டார்கள். தமிழை நேசிப்பவர்கள் முதலில் கேட்க வேண்டியது, அந்தச் சொல்லின் பழைய வடிவம் என்ன, பழைய பொருள் என்ன என்பதைத்தான்.