சபையில் இருந்தவர்கள்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

பென்னாகரத்திலிருந்து மாமா எழுதுகிறேன். சோகப் படம் பார்த்து என்ன ஆகப்போகிறது என்று போனில் கேட்டாய். அதற்குத்தான் இந்தக் கடிதம்.

'வோய்செக்' என்ற ஜெர்மன் படத்தைப் பார். 1979-இல் வெர்னர் ஹெர்சாக் எடுத்தது; படப்பிடிப்பு 18 நாளில் முடிந்தது. மூலம், கியோர்க் பூக்னரின் நாடகம். 1837-இல், 23 வயதில், அதை முடிக்காமலே அவர் இறந்துபோனார். லைப்சிக் நகரில் 1821-இல் நடந்த ஒரு கொலைதான் கதைக்கு அடிப்படை.

வோய்செக் ஏழைச் சிப்பாய். சம்பளம் போதாமல் கேப்டனுக்குச் சவரம் செய்கிறான். ஒரு டாக்டரின் ஆராய்ச்சிக்காகப் பட்டாணியை மட்டுமே தின்கிறான். வருகிற காசையெல்லாம் மரீயிடம், தன் பிள்ளையின் தாயிடம், கொடுக்கிறான். அவன் காதில் ஏதேதோ குரல்கள் கேட்கின்றன. மரீ இன்னொருவனோடு பழகுவது தெரிந்ததும் கத்தி வாங்கி அவளைக் கொன்றுவிடுகிறான்.

திரௌபதி அம்மன் கோயில் பாரதக் கூத்தில் துகிலுரிதல் நடக்கும்போது நாமெல்லாம் துச்சாதனனையே பார்த்துக்கொண்டிருப்போம். உன் பாட்டி மட்டும், "பீஷ்மரும் துரோணரும் இருந்த சபைதானே, அவங்க ரெண்டு பேர்ல ஒருத்தராவது தடுத்தாங்களா?" என்று கேட்பார். அந்தக் கேள்வியோடு இந்தப் படத்தைப் பார்.

கன்னத்தில் சவரக்கத்தி ஓடும்போதே கேப்டன் வோய்செக்குக்கு ஒழுக்கம் போதிக்கிறார். டாக்டர் அவன் மனம் பேதலிப்பதைக் கண்டுகொண்டு, நல்ல ஆராய்ச்சிப் பொருள் கிடைத்ததென்று மகிழ்ந்து, காசைக் கூட்டித் தருகிறார். பக்கத்தில் படுத்திருக்கும் நண்பன் ஆந்திரேஸிடம் அவன் தூக்கம் வரவில்லை என்று புலம்புகிறான். ஆந்திரேஸோ சாராயத்தில் பொடி கலந்து குடித்தால் காய்ச்சல் தணியும் என்று சொல்லிவிட்டுத் தூங்கப் பார்க்கிறான். அவன் நிலை எல்லோருக்கும் தெரிந்திருந்தது. ஒருவரும் தடுக்கவில்லை.

இதனால் வோய்செக் செய்தது நியாயமாகிவிடாது. மரீயின் உயிரை எடுக்க அவனுக்கு எந்த உரிமையும் இல்லை. கொலைக்காட்சியை ஹெர்சாக் மிக மெதுவாக ஓடவிடுகிறார். கண்ணை மூடிக்கொள்ளாதே. இதை எங்கே தடுத்திருக்கலாம் என்று ஒவ்வொரு இடமாக யோசி.

உன் விடுதி அறையிலும் ஒருவன் பல நாள் தூங்காமல், குரல் கேட்கிறது என்று சொல்லலாம். ஆந்திரேஸைப் போல நீ திரும்பிப் படுத்துக்கொள்ளாதே. தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு அவனைக் கையோடு கூட்டிக்கொண்டு போ.

அன்புடன்,
மாமா