ஒளிநாடா முதல் கைபேசி வரை

எங்கள் வகுப்புத் தோழி ஒருத்தியின் வீட்டு அலமாரியில் கறுப்புக் காசெட் ஒன்று முப்பது ஆண்டுகளுக்கு மேலாக உறங்கிக் கிடந்தது. 1992-ஆம் ஆண்டு நடந்த அவளுடைய பெரியம்மாவின் திருமணம் அதில் இருக்கிறது. நெய்வேலிச் சுரங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற அவள் தாத்தாவுக்கு அதன்மீது தனிப் பிரியம். காலமான பாட்டி நடமாடுவதை அந்தக் காசெட்டில் மட்டுமே பார்க்க முடியும். ஆனால் அதைப் போட்டுப் பார்க்கும் கருவி அக்கம்பக்கத்தில் எவரிடமும் இல்லை. காரணத்தைத் தேடப்போய் நாங்கள் அறிந்தவற்றை இங்கே எழுதுகிறோம்.

அது வி.எச்.எஸ். காசெட். ஜப்பானின் ஜே.வி.சி. நிறுவனம் 1976-இல் வெளியிட்ட முறை. அரை அங்குல அகல நாடாவில் பூசிய காந்தத் துகள்களில் படமும் ஒலியும் பதிவாகின்றன. 1980-களில் தொலைக்காட்சிப் பெட்டியையும் 'டெக்'கையும் ஓர் இரவுக்கு வாடகைக்கு எடுத்து, விடிய விடிய மூன்று படம் பார்ப்பார்களாம். பாதித் தெரு பாய் விரித்து உட்கார்ந்துவிடுமாம். வாடகையில் பங்கு கொடுத்தவர்களுக்கே முன்வரிசை!

1993-இல் வி.சி.டி. முறை வகுக்கப்பட்டது. இதில் படம் எண்களாக மாறிவிட்டது. பாட்டுக்கென்று பிறந்த அந்தத் தட்டில் படத்தை அப்படியே எழுதினால் சில நிமிடங்களே அடங்கும். எனவே சுருக்கினார்கள். எப்படி? நம் வடலூர் சத்திய ஞான சபையின் முன்னே ஒருவர் நடந்து போவதை நொடிக்கு 25 படங்களாக எடுக்கிறோம் என்று கொள்வோம். சபை அசைவதில்லை, நடப்பவரே அசைகிறார். சபையை ஒருமுறை முழுதாக எழுதிவிட்டு, பிறகு மாறிய பகுதியை மட்டும் எழுதினால் போதுமல்லவா? அப்படிச் சுருக்கியும் ஒரு தட்டில் 74 நிமிடமே கொள்ளும். ஆகவே தமிழ்ப் படத்துக்கு இரண்டு தட்டுகள், நீளமான படமென்றால் மூன்று. கதாநாயகி அழத் தொடங்கும்போது தட்டு முடிந்துவிடும் என்று எங்கள் அம்மாக்கள் சிரிக்கிறார்கள்.

ஜப்பானில் 1996-இல் விற்பனைக்கு வந்த டி.வி.டி.யில் முழுப் படமும் ஒரே தட்டில் அடங்கியது. பின்னர் தட்டே வேண்டாததாயிற்று. 2020 மே மாதம் 'பொன்மகள் வந்தாள்' கொட்டகைக்கு வராமல் நேரே இணையத்தில் வெளியானது. இப்போது வீட்டில் நால்வர் இருந்தால் நான்கு கைபேசிகளில் நான்கு படங்கள். சிரிப்பொலி ஒவ்வோர் அறையிலிருந்தும் ஒவ்வொரு நேரத்தில் கேட்கிறது.

பழைய கருவிகளோ மறைந்துகொண்டே போகின்றன. வி.சி.ஆர். தயாரிப்பைக் கடைசிவரை கைவிடாதிருந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனமும் 2016-இல் அதை நிறுத்திவிட்டது.

கடலூரில் ஒரு ஸ்டூடியோக்காரரிடம் பழைய டெக் இருப்பதாக அறிந்து, தோழியின் தந்தை காசெட்டைக் கொண்டு சென்றார். நாடாவில் பூஞ்சை படர்ந்திருந்தது. அதைத் துடைத்து ஓடவிட்டு, எண்முறைக்கு மாற்றித் தந்தார். மூன்று மணி நேரக் காசெட்டை மாற்ற மூன்று மணி நேரம் முழுதாக ஓடியாக வேண்டும், அவசரப்படுத்த வழியில்லை.

அன்று மாலை நாங்கள் ஆறு பேரும் தாத்தாவோடு அமர்ந்து பார்த்தோம். வெள்ளைக் கோடுகளுக்கு நடுவே, பாட்டி பந்தியில் சாம்பார் வாளியுடன் வந்தார். விளக்கு வெளிச்சத்துக்குக் கண் கூசிச் சிரித்து, முந்தானையால் முகத்தை மறைத்துக்கொண்டார்.

"கொஞ்சம் பின்னாடி போம்மா" என்றார் தாத்தா. தோழி பின்னால் ஓட்டினாள். அந்த ஓர் இடத்தை ஐந்து முறை பார்த்தோம்.