பழைய கேம் பாயில் புதிய கேம்கள் - இலவசமாக!

உங்கள் வீட்டுப் பரணிலோ அலமாரியின் அடித்தட்டிலோ ஒரு பழைய கேம் பாய் கிடக்கிறதா? சிங்கப்பூரிலிருந்தோ துபாயிலிருந்தோ மாமா வாங்கி வந்திருப்பார். கூடவே ஒரே ஒரு கார்ட்ரிட்ஜ். அதையே விளையாடி விளையாடி அலுத்துப்போய்த் தூக்கிப் போட்டிருப்பீர்கள். இப்போது வீட்டில் கம்ப்யூட்டர் இருக்கிறது, இன்டர்நெட் இணைப்பும் இருக்கிறது. அந்தக் கேம் பாய்க்குப் புதிய கேம்களை இலவசமாகப் பெறலாம். அதுவும் முறைப்படி, யாருடைய உழைப்பையும் திருடாமல். எப்படி என்று பார்ப்போம்.

முதலில் உங்களிடம் இருப்பது எந்த மாடல் என்று பாருங்கள். நின்டெண்டோ நிறுவனம் 1989-ல் வெளியிட்ட முதல் கேம் பாய் செங்கல் போலக் கனமாக இருக்கும். நான்கு பென்சில் பேட்டரி போட வேண்டும். 1998-ல் கேம் பாய் கலர் வந்தது. 2001-ல் கேம் பாய் அட்வான்ஸ், 2003-ல் மடக்கி வைக்கும் எஸ்.பி. மாடல். அட்வான்ஸும் எஸ்.பி.யும் பழைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களையும் ஏற்றுக்கொள்ளும். 2005-ல் வந்த மைக்ரோ மட்டும் அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்களை மட்டுமே ஏற்கும். இதைத் தெரிந்துகொள்ளாமல் எதையும் டவுன்லோட் செய்ய வேண்டாம்.

ரோம் என்றால் என்ன?

கார்ட்ரிட்ஜைத் திறந்தால் உள்ளே ஒரு சிப் இருக்கும். கேம் முழுவதும் அதில்தான் எழுதப்பட்டிருக்கிறது. அந்த சிப்பில் இருப்பதை அப்படியே ஒரு ஃபைலாக எடுத்தால் அதற்கு ரோம் ஃபைல் என்று பெயர். கேம் பாய் ஃபைல்களின் பெயர் புள்ளிக்குப் பின் ஜிபி என்று முடியும். கலருக்கு ஜிபிசி, அட்வான்ஸுக்கு ஜிபிஏ.

இந்த ஃபைல்கள் எவ்வளவு சிறியவை தெரியுமா? கேம் பாயோடு வந்த டெட்ரிஸ் கேம் வெறும் 32 கிலோபைட். உங்கள் செல்போனில் எடுக்கும் ஒரே ஒரு போட்டோவில் இதுபோல எத்தனையோ டெட்ரிஸ்களை அடக்கிவிடலாம். அட்வான்ஸ் கேம்களே பொதுவாக 32 மெகாபைட்டைத் தாண்டாது. இந்தக் கணக்கை நினைவில் வையுங்கள், பின்னால் உதவும்.

எது இலவசம், எது இலவசம் இல்லை?

கூகுளில் தேடினால் ஆயிரக்கணக்கான ரோம்களை அள்ளித் தரும் தளங்கள் வரிசையாக வரும். மரியோ, போகிமான் எல்லாம் இருக்கும். அவை இலவசமாகக் கிடைக்கின்றன, ஆனால் இலவச கேம்கள் அல்ல. உரிமையாளர் கொடுக்காததை வேறு யாரோ எடுத்துக் கொடுக்கிறார்கள். 2018-ல் இப்படி இரண்டு ரோம் தளங்களை நடத்தியவர்கள் மீது நின்டெண்டோ அமெரிக்காவில் வழக்குத் தொடர்ந்தது. அந்த ஆண்டு நவம்பரிலேயே 1 கோடியே 20 லட்சம் டாலர் தர வேண்டும் என்று முடிந்தது.

"24 மணி நேரத்துக்குள் அழித்துவிட்டால் தப்பில்லை" என்று இத்தகைய தளங்களில் ஒரு வாசகம் இருக்கும். அப்படி ஒரு சட்டம் எங்கும் கிடையாது. நம் நாட்டின் 1957-ஆம் ஆண்டு காப்புரிமைச் சட்டத்தில் 63பி என்ற பிரிவு இருக்கிறது. திருட்டு நகல் என்று தெரிந்தே ஒரு புரோகிராமைக் கம்ப்யூட்டரில் பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம் என்கிறது அது. வியாபார லாபத்துக்காகச் செய்யவில்லை என்றால் நீதிமன்றம் சிறையை விட்டுவிட்டு அபராதத்தோடு நிறுத்தலாம். கேமுக்காக யாரைப் பிடித்தார்கள் என்று கேட்பீர்கள். ஆனால் சட்டத்தைவிட உடனடியாக வரும் ஆபத்து வேறு.

அந்தத் தளங்களில் "டவுன்லோட்" என்று பச்சை நிறத்தில் நாலு பட்டன் இருக்கும். மூன்று விளம்பரம். தவறானதைக் கிளிக் செய்தால் இஎக்ஸ்இ என்று முடியும் ஒரு ஃபைல் இறங்கும். அதை டபுள் கிளிக் செய்தால் கேம் ஓடாது, வைரஸ் ஓடும். புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்கள் இங்கேதான் ஏமாறுகிறார்கள். காரணம், விண்டோஸ் ஃபைல் பெயரின் கடைசிப் பகுதியை வழக்கமாக மறைத்து வைக்கிறது. கேம், புள்ளி, ஜிபி, புள்ளி, இஎக்ஸ்இ என்று பெயர் வைத்தால் உங்களுக்கு ஜிபி வரைதான் தெரியும்.

எனவே முதல் வேலையாக இதைச் செய்யுங்கள். விண்டோஸ் 11-ல் ஏதாவது ஒரு ஃபோல்டரைத் திறந்து மேலே உள்ள வியூ என்பதைக் கிளிக் செய்யுங்கள். அதில் ஷோ, பிறகு ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ். விண்டோஸ் 10-ல் வியூ டேபிலேயே அந்தப் பெயரில் ஒரு கட்டம் இருக்கும், டிக் செய்தால் போதும். இனி எல்லா ஃபைலின் முழுப் பெயரும் தெரியும். கேம் பாய் கேம் என்று சொல்லி இஎக்ஸ்இ வந்தால் திறக்காமல் அழித்துவிடுங்கள். கேம் பாய் ரோம் என்று சொல்லி 100 மெகாபைட் வந்தாலும் அப்படியே. சற்றுமுன் சொன்ன கணக்கு இதற்குத்தான்.

உண்மையிலேயே இலவசமானவை

கேம் பாய்க்கு இன்றும் புதிதாக கேம் எழுதுகிறார்கள் என்றால் பலர் நம்புவதில்லை. பொழுதுபோக்காக எழுதி, தாங்களே இலவசமாக வெளியிடுகிறார்கள். ஹோம்புரூ என்று பெயர். பி.இ. படித்தவர்களுக்கு இதில் ஒரு சுவாரசியம் உண்டு. மைக்ரோபிராசசர் பாடத்தில் மனப்பாடம் செய்தோமே 8085, அதற்கு முன்னோடியான 8080-ன் உறவுக்காரர்தான் கேம் பாயின் பிராசசர். ரெஜிஸ்டர் பெயர்கள்கூட அதேதான். லேபில் கிட்டைத் தட்டி இரண்டு எண்களைக் கூட்டிக் காட்டியதற்குப் பதில் இதைச் சொல்லிக் கொடுத்திருந்தால் வகுப்பே விழித்திருக்கும்.

நான் விளையாடிப் பார்த்துப் பிடித்தவற்றில் சில. டோபு டோபு கேர்ள் கேமில் பலூனில் சிக்கி மேலே போய்விட்ட பூனையை மீட்க ஒரு பெண் எதிரிகள் தலைமேல் குதித்துக் குதித்து வானத்துக்கு ஏறுவாள். முதல் கேம் பாயிலும் ஓடும், விரல் வலிக்கும் வரை விடாது. மைக்ரோ சிட்டி என்பது ஊர் கட்டும் கேம். சாலை, மின்சாரம், வீடு எல்லாம் நீங்கள்தான் அமைக்க வேண்டும். இது கேம் பாய் கலருக்கானது. லிபெட் அண்ட் த மேஜிக் ஃப்ளோர் மூளைக்கு வேலை தரும் புதிர். அட்வான்ஸ் வைத்திருப்பவர்கள் அங்குனாவைத் தேடுங்கள், குகை குகையாகச் சுற்றிச் சாவி தேடும் சாகசம். கட்டம் அடுக்கப் பிடித்தால் அபோட்ரிஸ். இவற்றில் முதல் மூன்றின் சோர்ஸ் கோடையும் வெளியிட்டிருக்கிறார்கள். எழுதிப் பழக நினைக்கும் மாணவர்களுக்கு அது கேமைவிட மேலான பரிசு.

இத்தகைய கேம்களை இட்ச்.ஐஓ தளத்திலும் ஹோம்புரூ ஹப் தளத்திலும் தேடலாம். இட்ச் தளத்தில் பல கேம்களில் டவுன்லோட் நவ் பட்டனை அழுத்தியதும் பணம் கேட்கும் பெட்டி ஒன்று வரும். பயப்பட வேண்டாம். விருப்பப்பட்டால் கொடுக்கலாம் என்பதுதான் அது. அங்கேயே "நோ தாங்க்ஸ், ஜஸ்ட் டேக் மீ டு த டவுன்லோட்ஸ்" என்று சின்ன எழுத்தில் இருக்கும், அதைக் கிளிக் செய்யுங்கள். அந்த வாசகம் இல்லாமல் விலை போட்டிருந்தால் அந்த கேம் இலவசமில்லை. கேம் பிடித்துப்போனால் பிறகு திரும்பி வந்து பத்து ரூபாய்க்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்ததாக நினைத்து ஏதாவது கொடுங்கள். ஒரு கேமுக்கு மாதக்கணக்கில் உட்கார்ந்திருப்பார்கள்.

கம்ப்யூட்டரில் ஓட்டிப் பார்க்க

கேம் பாயில் போடும் முன் கம்ப்யூட்டரிலேயே விளையாடிப் பார்க்கலாம். கேம் பாய் போலவே நடிக்கும் புரோகிராம்களுக்கு எமுலேட்டர் என்று பெயர். எம்ஜிபிஏ என்ற எமுலேட்டர் மூன்று வகை ரோம்களையும் ஓட்டும். இலவசம். எம், ஜி, பி, ஏ என நான்கு எழுத்து, பிறகு புள்ளி, ஐ, ஓ. இதுதான் தள முகவரி. வேறு தளத்திலிருந்து இறக்க வேண்டாம். டவுன்லோட்ஸ் பக்கத்தில் விண்டோஸ் இன்ஸ்டாலர் என்று இருப்பதை எடுத்து நிறுவுங்கள்.

திறந்ததும் ஃபைல் மெனுவில் லோட் ரோம் என்பதைக் கிளிக் செய்து உங்கள் ஃபைலைக் காட்டினால் கேம் ஓடத் தொடங்கும். அம்புக்குறி கீகள் திசைக்கு. எக்ஸ் கீதான் ஏ பட்டன், இசட் கீ பி பட்டன். என்டர் ஸ்டார்ட், பேக்ஸ்பேஸ் செலக்ட். டேப் கீயை அழுத்திப் பிடித்தால் வேகமாக ஓடும். ஷிஃப்டுடன் எஃப்1 அழுத்தினால் அந்த நொடி அப்படியே பதிவாகும், எஃப்1 மட்டும் அழுத்தினால் அங்கேயே திரும்பும். கடினமான இடத்தில் மாட்டிக்கொண்டால் இது பெரிய வசதி, கொஞ்சம் அழுகுணி ஆட்டமும்கூட.

உண்மையான கேம் பாயில் போட

இதற்கு மட்டும் செலவு உண்டு. ஃப்ளாஷ் கார்ட் என்று ஒரு காலி கார்ட்ரிட்ஜ் வாங்க வேண்டும். எவர்டிரைவ், ஈசி ஃப்ளாஷ் ஆகியவை பெயர் பெற்றவை. விலை சில ஆயிரம் ரூபாய் ஆகும். உங்கள் மாடலுக்கு ஏற்றதுதானா என்று பார்த்து வாங்குங்கள். அட்வான்ஸுக்கான கார்ட்ரிட்ஜ் முதல் கேம் பாயில் நுழையாது. "100 இன் 1" என்று கேம்கள் நிரப்பி விற்கும் கார்ட்ரிட்ஜ் வேறு, இது வேறு. அவற்றில் இருப்பவை திருட்டு நகல்கள், பலவற்றில் விளையாடிய இடம் சேமிப்பதும் சரியாக நடக்காது.

ஃப்ளாஷ் கார்டில் மைக்ரோ எஸ்டி கார்டு செருகும் இடம் இருக்கும். 32 ஜிபி அல்லது அதற்குக் குறைந்த கார்டு போதும், அதுவே இந்தக் கேம்களுக்குக் கடல். கார்டு ரீடரில் போட்டு, திஸ் பிசியில் அதன் மேல் ரைட் கிளிக் செய்து ஃபார்மட் கொடுத்து, ஃபைல் சிஸ்டம் என்ற இடத்தில் ஃபேட்32 தேர்ந்தெடுங்கள். கார்டில் இருப்பது எல்லாம் அழிந்துவிடும், போட்டோ இருந்தால் முதலில் எடுத்து வையுங்கள். டிரைவ் எழுத்தையும் ஒருமுறைக்கு இருமுறை பாருங்கள். சில ஃப்ளாஷ் கார்டுகளுக்குத் தயாரிப்பாளர் தளத்திலிருந்து சிஸ்டம் ஃபோல்டர் ஒன்றை முதலில் காப்பி செய்ய வேண்டும், இல்லாவிட்டால் பிழைச் செய்திதான் வரும். பிறகு ரோம் ஃபைல்களைக் காப்பி செய்து, எஜெக்ட் கொடுத்து, கார்டை எடுத்துச் செருகுங்கள். கேம் பாயை ஆன் செய்தால் திரையில் பட்டியல் தெரியும்.

நின்டெண்டோ பெயருக்குப் பதில் கறுப்புப் பட்டையோ கிறுக்கலோ இறங்கி அப்படியே நின்றுவிட்டால் கலங்க வேண்டாம். ஆன் ஆனதும் கேம் பாய் கார்ட்ரிட்ஜில் உள்ள 48 பைட் லோகோவைத் தன்னிடம் உள்ளதோடு ஒப்பிடுகிறது. ஒரு பிட் மாறினாலும் மேலே போகாது. பெரும்பாலும் காரணம் அழுக்குதான். ஐசோபுரோபைல் ஆல்கஹாலைக் காது குடையும் பஞ்சில் தொட்டுக் கார்ட்ரிட்ஜின் செம்புப் பற்களைத் துடைத்துக் காயவிடுங்கள். வாயால் ஊதாதீர்கள், எச்சில் பட்டுப் பற்கள் அரிக்கும்.

வீட்டில் இருக்கும் பழைய கார்ட்ரிட்ஜ்

இதை எழுத வந்ததற்கு முக்கியக் காரணமே இதுதான். பழைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்கள் பலவற்றில் விளையாடிய இடத்தைச் சேமிக்க உள்ளே ஒரு சின்ன வட்ட பேட்டரி இருக்கிறது. அது தீர்ந்த அன்று சேமித்தது எல்லாம் போய்விடும். பேட்டரியை மாற்றக் கழற்றினாலும் அப்படித்தான். 2000-ல் உங்கள் அண்ணன் பிடித்து வைத்த போகிமான்கள் இருபது ஆண்டுக்கு மேலாக அந்தப் பேட்டரியின் தயவில்தான் இருக்கின்றன. அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்கள் பலவற்றுக்கு இந்தக் கவலை இல்லை, அவை ஃப்ளாஷ் சிப்பில் சேமிக்கின்றன.

ஜிபிஎக்ஸ்கார்ட் என்ற சின்னக் கருவியை யுஎஸ்பி வழியாக இணைத்துக் கார்ட்ரிட்ஜைச் செருகினால், ஃப்ளாஷ்ஜிபிஎக்ஸ் என்ற இலவச மென்பொருள் மூலம் ரோமையும் சேவ் ஃபைலையும் கம்ப்யூட்டரில் எடுத்துக்கொள்ளலாம். சேவ் ஃபைலை முதலில் எடுங்கள். பிறகு பேட்டரியை மாற்றி, அதையே திருப்பி எழுதலாம். முறையாக வாங்கிய புரோகிராமுக்குப் பாதுகாப்பு நகல் வைத்துக்கொள்ள நம் சட்டத்தின் 52-ஆம் பிரிவு இடம் தருகிறது. அதை நண்பர்களுக்குக் காப்பி போட்டுக் கொடுக்க இடம் தரவில்லை. ரோமும் சேவ் ஃபைலும் ஒரே பெயரில் ஒரே ஃபோல்டரில் இருந்தால் எம்ஜிபிஏ அண்ணன் விட்ட இடத்திலிருந்தே தொடங்கும்.

வீட்டுப் பிள்ளைகள் தாங்களே கேம் எழுத ஆசைப்பட்டால் ஜிபி ஸ்டுடியோ என்ற மென்பொருள் இருக்கிறது. 2019-ல் வெளிவந்தது, இலவசம். கோடு எழுதாமலே படங்களை அடுக்கி, உரையாடல் சேர்த்துக் கேம் அமைக்கலாம். முடித்ததும் எக்ஸ்போர்ட் ரோம் கொடுத்தால் வருவது அதே ஜிபி ஃபைல்தான். நம் மைக்ரோ எஸ்டி கார்டில் போட்டால் கேம் பாயில் ஓடும்.