இறந்தவர் பெயரில் நிற்கும் அப்பீல்

கேள்வி: கிணற்றுக்குப் போகும் வண்டிப்பாதைக்காக அப்பா சென்னை உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு போட்டிருந்தார். அவர் தவறி ஏழு மாதம் ஆகிறது. தாசில்தாரிடமிருந்து வாரிசுச் சான்றிதழ் வந்ததும் வக்கீலைப் பார்க்கலாம் என்று இருக்கிறோம். அவசரம் ஒன்றும் இல்லையே? (அணைக்கட்டு)

அவசரம்தான். உங்கள் அப்பீல் ஏற்கெனவே அற்றுப்போய்விட்டது. அதற்கு நீதிபதி உத்தரவுகூடப் போட வேண்டியதில்லை. இறந்த நாளிலிருந்து 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனு போடவில்லை என்றால் அது தானாகவே அற்றுப்போகும். அதன் பிறகு 60 நாளுக்குள் வந்திருந்தால் அற்றுப்போனதை நீக்கச் சொல்லிக் கேட்டிருக்கலாம். அதையும் தாண்டிவிட்டீர்கள். இனி மூன்று மனு வேண்டும்: தாமதத்தைப் பொறுத்துக்கொள்ள ஒன்று, அற்றுப்போனதை ரத்து செய்ய ஒன்று, வாரிசுகளைச் சேர்க்க ஒன்று.

பயந்துவிடாதீர்கள். காரணம் உண்மையாக இருந்தால் நீதிமன்றங்கள் இதில் பெரும்பாலும் தாராளமாகவே நடந்துகொள்கின்றன. ஆனால் நாளைக்கே போங்கள்.

எனக்குக் கோபம் வருவது அந்தச் சான்றிதழ் விஷயத்தில். வாரிசைச் சேர்க்கும் மனுவுக்குத் தாசில்தார் சான்றிதழ் வரட்டும் என்று உங்களைக் காத்திருக்கச் சொன்னது யார்? இறப்புச் சான்றிதழும், வாரிசுகளின் பெயர், வயது, முகவரியும் இருந்தால் மனு போட்டுவிடலாம். யார் வாரிசு என்பதில் தகராறு வந்தால் அதை நீதிமன்றமே விசாரித்து முடிவு செய்யும். சான்றிதழைப் பிறகு கொண்டுவந்து தாக்கல் செய்யுங்கள். பதினாறாம் நாள் காரியத்துக்கு ஊரெல்லாம் பத்திரிகை போகிறது, வக்கீலுக்கு மட்டும் ஒரு போன் போவதில்லை. கட்சிக்காரர் இறந்தது வக்கீலுக்குத் தெரிந்தால் அதை நீதிமன்றத்துக்குத் தெரிவிக்க வேண்டியது அவர் கடமை; உரிமையியல் நடைமுறைச் சட்டம் 22-ஆம் கட்டளை, 10-ஏ விதி அப்படித்தான் சொல்கிறது. யாரும் சொல்லாவிட்டால் அவருக்கு எப்படித் தெரியும்?

இன்னொன்று. நீங்கள் எழுதிய வாரிசுப் பட்டியலில் அம்மாவும் இரண்டு அண்ணன் தம்பிகளும் மட்டுமே இருக்கிறார்கள். கடிதத்தின் கடைசியில் 'ஆம்பூரில் கட்டிக்கொடுத்த அக்கா' என்று ஒரு வரி வருகிறது. அவர் ஏன் பட்டியலில் இல்லை? கல்யாணம் ஆகிவிட்டதால் மகள் வாரிசு இல்லாமல் போய்விடுவாரா? தகப்பன் உயில் எழுதாமல் இறந்தால் அவர் பங்கில் மகளுக்கும் சம உரிமை என்பது 1956-லிருந்தே சட்டம். பூர்வீகச் சொத்திலும் மகன்களுக்கு இணையான பங்கைத் தமிழ்நாடு 1989-லேயே கொடுத்தது. அப்போது திருமணமாகியிருந்த பெண்களை விட்டுவிட்டது. 2005-ல் வந்த மத்தியத் திருத்தம் அவர்களையும் சேர்த்தது. 2020-ல் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் மிச்சமிருந்த சந்தேகத்தையும் தீர்த்துவிட்டது. தெரிந்தே ஒரு மகளை மறைத்துத் தீர்ப்பு வாங்கினால், அது என்னைக் கட்டுப்படுத்தாது என்று அவர் நாளைக்கு வந்து நிற்பார். அக்காவின் பெயரையும் எழுதுங்கள்.

கேள்வி: எதிர்க்கட்சிக்காரர் இறந்துபோனது இரண்டு வருடம் கழித்துத்தான் தெரிந்தது. எங்கள் மேல் தப்பா? (குடியாத்தம்)

உயர் நீதிமன்றத்தில் கிடக்கும் அப்பீல் என்றால் பெரிய தப்பில்லை. அங்கே வாய்தாவே இல்லாமல் வருடக்கணக்கில் நிற்கும் வழக்கில், எதிராளி உயிரோடு இருக்கிறாரா என்று அடிக்கடி விசாரித்துக்கொண்டிருக்கச் சொல்ல முடியாது என்று 2008-ல் பெருமோன் பகவதி தேவஸ்வம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அடுத்த தெருவில் குடியிருந்தவர் என்றால் அந்தப் பேச்சு எடுபடாது. எப்போது, யார் சொல்லித் தெரிந்தது என்பதைப் பிரமாண வாக்குமூலத்தில் தேதியோடு எழுதுங்கள்.

கேள்வி: அப்பீல் போட்ட அன்றைக்கு எதிர்மனுதாரர் உயிரோடு இல்லை என்று இப்போது தெரிகிறது. 90 நாள் கணக்கு எதிலிருந்து? (பள்ளிகொண்டா)

அந்தக் கணக்கே இங்கே கிடையாது. இறந்தவர் மேல் போட்டது அப்பீலே ஆகாது. வாரிசுகள் மேல் தாமத மனுவோடு புதிதாகப் போடுங்கள்.

கேள்வி: துபாயில் இருந்த அண்ணன் எனக்குப் பவர் கொடுத்திருந்தார். போன மாதம் காலமானார். அந்தப் பவரை வைத்தே அப்பீலை நடத்தலாமா? (மேல்விஷாரம்)

முடியாது. பவர் அவரோடு போயிற்று. நீங்கள் வாரிசாக இருந்தால் வாரிசாக வாருங்கள்.

கேள்வி: செக் வழக்கில் அப்பாவுக்கு ஒரு வருடச் சிறையும் அபராதமும் விதித்தார்கள். அப்பீல் நிலுவையில் இருக்கும்போது இறந்துவிட்டார். ஜெயலலிதா இறந்ததும் 100 கோடி அபராதமே போய்விட்டதே, எங்களுக்கும் அப்படித்தானே? (ஆம்பூர்)

இல்லை. ஜெயலலிதா மீதான சொத்துக் குவிப்பு வழக்கின் வரிசையைப் பாருங்கள். 2014 செப்டம்பர் 27-ல் பெங்களூரு தனி நீதிமன்றம் தண்டித்தது. 2015 மே 11-ல் கர்நாடக உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனது கர்நாடக அரசு. தீர்ப்பு ஒத்திவைக்கப்பட்டிருந்த நிலையில் 2016 டிசம்பர் 5-ல் அவர் இறந்தார். ஆகவே 2017 பிப்ரவரி 14-ல் அவரைப் பொறுத்தவரை அப்பீல் அற்றுப்போனது. மற்ற மூவருக்கும் தண்டனை திரும்ப வந்தது. அதாவது, இறந்த அன்று அவர் விடுதலையானவர்.

உங்கள் அப்பாவோ தண்டிக்கப்பட்டவராக இறந்திருக்கிறார். சிறைத் தண்டனை அவரோடு முடிந்தது. அபராதம் முடியவில்லை, அவர் விட்டுப்போன சொத்தில் வசூலிக்கலாம். அதனால்தான் அபராதத்தைப் பற்றிய அப்பீல் அற்றுப்போவதில்லை. 2020-ல் ரமேசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவுபடுத்தியது. அப்பா குற்றவாளி இல்லை என்று நிரூபிக்க வேண்டுமானால், பெற்றோர், மனைவி, பிள்ளைகள், உடன்பிறந்தவர்கள் இவர்களில் ஒருவர், அப்பா இறந்த 30 நாளுக்குள் அனுமதி கேட்க வேண்டும். இங்கே 90 நாள் கிடையாது. அவர் இறந்த தேதியையே நீங்கள் எழுதவில்லை.

கேள்வி: ஷூ கம்பெனியிலிருந்து அம்மாவை நீக்கினார்கள். தொழிலாளர் நீதிமன்றம் மறுபடி வேலையும் பின்சம்பளமும் தரச் சொன்னது. கம்பெனி உயர் நீதிமன்றம் போயிருக்கும்போது அம்மா இறந்துவிட்டார். எல்லாம் போயிற்றா? (பேரணாம்பட்டு)

போகவில்லை அம்மா. வேலை இனி இல்லை. ஆனால் தீர்ப்பு நின்றால், இறந்த நாள் வரைக்குமான சம்பளம் அவர் பிள்ளைகளுக்குச் சேர வேண்டியது. கம்பெனி தரப்பு உங்களைத் தேடி வரும் என்று காத்திருக்காதீர்கள். நீங்களே வாரிசாகச் சேர்ந்து எதிர்வாதம் செய்யுங்கள். அது உங்கள் அம்மா உழைத்துச் சேர்த்த உரிமை.

கேள்வி: தோல் தொழிற்சாலைக் கழிவால் நிலம் கெட்டதற்கு இழப்பீட்டுப் பட்டியலில் தாத்தா பெயர் இருந்தது. அவர் இல்லை, அப்பாவும் இல்லை. பேரன்கள் கேட்கலாமா? (வாணியம்பாடி)

கேட்கலாம். வேலூர் குடிமக்கள் நல மன்றம் போட்ட அந்தப் பொதுநல வழக்கு ஒரு தனி ஆளின் உயிரோடு கட்டப்பட்டதல்ல. 1996 ஆகஸ்ட் 28-ல் தீர்ப்பு வந்தது. இழப்பீட்டு ஆணைகள் 2001-லும் 2009-லும் வந்தன. பாக்கியைக் கொடுத்துவிட்டுக் கழிவு விட்டவர்களிடம் வசூலிக்க வேண்டும் என்று 2025 ஜனவரி 30-ல் உச்ச நீதிமன்றம் அரசுக்கு மறுபடியும் உத்தரவிட வேண்டியிருந்தது. பாலாற்றங்கரை விவசாயிகள் ஒரு தலைமுறையே காத்திருந்து போய்விட்டது. ஆணையில் ஒருவருக்கு என்று குறித்த தொகை அவருடைய சொத்து, வாரிசுக்கு இறங்கும். தாத்தாவுக்கு ஒன்று, அப்பாவுக்கு ஒன்று என இரண்டு இறப்புச் சான்றிதழ், இரண்டு வாரிசுச் சான்றிதழ், தாத்தா பெயரிலிருந்த பழைய பட்டா நகல் ஆகியவற்றோடு மாவட்ட ஆட்சியருக்கு எழுதிக் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். அத்தைமார் இருந்தால் அவர்களையும் சேர்த்தே எழுதுங்கள்.