மார்கழிக் குளிருக்கு ஒரு சுட்ட காய்கறி

பெங்களூரில் மார்கழி பிறந்ததை நாட்காட்டியைப் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. தள்ளுவண்டிகளில் அவரைக்காய் மலைபோல் குவிந்துவிடும். சர்க்கரைவள்ளிக் கிழங்கு, கேரட், காலிஃபிளவர் எல்லாம் இளசாகக் கிடைக்கும். இவற்றை வாங்கி வந்து வழக்கம்போல் பொரியல் செய்து வைத்தால், என் பேத்தி தட்டின் ஓரத்தில் ஒதுக்கிவிடுவாள். "பாட்டி, உங்க பொரியல் கொழகொழன்னு இருக்கு. எனக்குக் கோபி மஞ்சூரியன்தான் வேணும்" என்பாள்.

தெருவோரக் கோபி மஞ்சூரியனின் சிவப்பு எனக்கு எப்போதுமே பயம். 2024 மார்ச்சில் கர்நாடக அரசே அதில் செயற்கை நிறம் சேர்ப்பதைத் தடை செய்தது. ஆனால் குழந்தையிடம் "கூடாது" என்று மட்டும் சொன்னால் போதுமா? அவள் தேடுவது நிறத்தை அல்ல. மொறுமொறுப்பையும் சோயா, இஞ்சி, பூண்டு மணத்தையும்தான். அதை வீட்டிலேயே தரலாமே என்று இறங்கினேன்.

முதல் முயற்சி படுதோல்வி. காய்களைத் தட்டில் குவித்து, சோயா சாஸையும் வெல்லத்தையும் முதலிலேயே ஊற்றி ஓவனில் வைத்தேன். நடுவில் காய் வெந்து குழைந்தது. ஓரத்தில் வெல்லம் கருகியது. உப்போ வாயில் வைக்க முடியவில்லை. அந்தத் தோல்வியில் கற்றதுதான் இந்தப் பாடம்.

காயில் உள்ள நீர் 100 டிகிரியில் ஆவியாகும். மேலே ஈரம் இருக்கும்வரை காயின் சூடு அதைத் தாண்டாது. அதுவரை அது வேகுமே தவிரச் சுடாது. ஈரம் வற்றி, சூடு சுமார் 140 டிகிரியைத் தாண்டினால்தான் பொன்னிறமும் மணமும் வரும். குவித்து வைத்தால் ஒரு காயின் ஆவியிலேயே அடுத்த காய் வெந்துவிடும். ஆகவே காய் உலர்ந்திருக்க வேண்டும், ஒரே அடுக்காகப் பரப்ப வேண்டும், சாஸ் கடைசியில்தான் சேர வேண்டும்.

தேவையான பொருட்கள் (4 பேருக்கு)

கேரட், சர்க்கரைவள்ளிக் கிழங்கு, காலிஃபிளவர் - தலா 200 கிராம்
பீட்ரூட் - 100 கிராம்
நல்லெண்ணெய் - 2 மேசைக்கரண்டி
உப்பு - கால் தேக்கரண்டி
சோயா சாஸ் - 1 மேசைக்கரண்டி
பொடித்த வெல்லம் - 2 தேக்கரண்டி
இஞ்சித் துருவல் - 1 தேக்கரண்டி
பூண்டு - 3 பல் (நசுக்கியது)
மிளகாய்த் தூள் - அரைத் தேக்கரண்டி
எலுமிச்சம்பழம் - அரை மூடி
வறுத்த எள் - 1 மேசைக்கரண்டி
வெங்காயத்தாள் - சிறிதளவு

செய்முறை

காலிஃபிளவரை உப்பு கலந்த வெந்நீரில் சில நிமிடம் போட்டு எடுத்து, துணியில் பரப்பி நன்றாக உலர்த்துங்கள். காய்களை ஓர் அங்குலத் துண்டுகளாக நறுக்குங்கள். பீட்ரூட் வேக நேரமாகும் என்பதால் அதை மட்டும் அரை அங்குலமாக நறுக்கி, தனியே வைத்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் எல்லாக் காயும் சிவந்துவிடும்.

ஓவனை 220 டிகிரிக்குச் சூடாக்குங்கள். காய்களில் எண்ணெயும் உப்பும் பிசிறி, ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் தட்டில் பரப்புங்கள். பீட்ரூட்டை ஓர் ஓரத்தில் வையுங்கள். இடம் போதாவிட்டால் இரண்டு முறையாகச் சுடுங்கள். 25 முதல் 30 நிமிடம் ஆகும். பாதியில் ஒருமுறை புரட்டிவிடுங்கள். ஓவன் இல்லாதவர்கள் கனமான இரும்புத் தோசைக்கல்லில், மூடாமல், கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுச் சுடலாம்.

இதற்குள் சோயா சாஸ், வெல்லம், இஞ்சி, பூண்டு, மிளகாய்த் தூளைச் சிறு வாணலியில் இரண்டு மேசைக்கரண்டி நீருடன் கொதிக்கவிட்டு, பாகுபோல் ஆனதும் இறக்குங்கள். சுட்ட காயைச் சூடாக இருக்கும்போதே இதில் பிரட்டி, எலுமிச்சைச் சாறு பிழிந்து, எள்ளும் வெங்காயத்தாளும் தூவி உடனே பரிமாறுங்கள்.

கவனிக்க வேண்டியவை

ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸில் ஏறத்தாழ அரைத் தேக்கரண்டி உப்பு அடங்கியிருக்கிறது. இரத்த அழுத்தம் உள்ளவர்கள் சாஸைப் பாதியாக்கி, தனி உப்பை விட்டுவிடலாம். பெரும்பாலான சோயா சாஸில் கோதுமையும் உண்டு. ஒவ்வாதவர்கள் பார்த்து வாங்குங்கள். சீனர்களின் எள்ளெண்ணெய் வறுத்த எள்ளிலிருந்து எடுப்பது. மணத்துக்காகக் கடைசியில் சில சொட்டு விடுவார்கள். நமக்கு நல்லெண்ணெயும் வறுத்த எள்ளும் போதும்.

"இது நம்ம சாப்பாடா?" என்று வீட்டில் கேட்டார்கள். கேரட்டும் பீட்ரூட்டும் காலிஃபிளவரும் ஒரு காலத்தில் நம் ஊரில் 'இங்கிலீஷ் காய்கறி' என்றே பெயர் பெற்றவை. மிளகாயும் சர்க்கரைவள்ளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவை. எள்ளும் வெல்லமும் சேர்ந்தால் சங்கராந்திக்குக் கன்னடத்து அண்டை வீட்டார் கொடுக்கும் எள்ளு பெல்லா. எது எங்கிருந்து வந்தால் என்ன, நம் கையால் செய்து நம் வீட்டில் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டால் அது நம் சாப்பாடுதான்.

எங்கள் வீட்டில் இப்போது இதற்கும் தயிர்சாதத்துக்கும் நல்ல பொருத்தம். பேத்தி வண்டிக்கடையை முழுக்க மறந்துவிட்டாள் என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஞாயிற்றுக்கிழமைகளில் எள் வறுப்பது அவள் வேலை. நீங்களும் செய்து பாருங்கள். உங்கள் வீட்டுப் பிள்ளைகள் என்ன சொன்னார்கள் என்று எழுதுங்கள்.