அடைக்கலம் கொடுத்தால் மட்டும் போதுமா?

திருக்குடும்பம் எகிப்துக்கு ஓடிய வரலாற்றை மத்தேயு நற்செய்தி சில வசனங்களிலேயே சொல்லி முடிக்கிறது. அந்நிய நாட்டில் அவர்களுக்கு வாசல் திறந்தவர் யார்? அவர் அவர்களை எப்படி நடத்தினார்? நற்செய்தியில் இதற்குப் பதில் இல்லை. ஆனால் 1952ஆம் ஆண்டில் பாப்பரசர் பன்னிரண்டாம் பத்திநாதர், அக்குடும்பமே அகதிக் குடும்பங்கள் அனைத்திற்கும் முன்மாதிரி என்று போதித்தார். ஆகவே, வாசல் திறப்பவரைப் பற்றிய கேள்வி நம்மையும் சாரும்.

போருக்குத் தப்பி ஓடும் பொதுமக்களைச் சித்திரிக்கும் திரைப்படங்கள் பல. அவற்றுட் பெரும்பாலானவை, ஓடியவர் ஆபத்தைக் கடந்ததும் முடிந்துவிடும். பிரசன்ன விதானகே 2012இல் வெளியிட்ட 'ஒப நத்துவ ஒப எக்க' என்ற சிங்களப் படமோ அந்த இடத்திலேதான் தொடங்குகிறது. ருஷ்ய எழுத்தாளர் தஸ்தயேவ்ஸ்கி 1876இல் எழுதிய கதையொன்றைத் தழுவியது அது. கதை நடப்பது நமது மலைநாட்டில்.

செல்வி வடக்கிலிருந்து வந்த பெண். சகோதரர்களைப் போரில் பறிகொடுத்தவள். அவளையாவது காப்பாற்றவேண்டுமென்று பெற்றோர் மலைநாட்டுக்கு அனுப்பிவிடுகின்றனர். கையிலிருக்கும் நகைகளை அடகு வைக்க வருகிறாள். அடகுக்கடைக்காரர் சரத்சிறி சிங்களவர்; தனித்து வாழ்பவர். அவளை மணந்துகொள்கிறார். இனி அவளுக்குக் கூரை உண்டு, உணவு உண்டு, பயமில்லை. ஆனால் மனம்விட்டுப் பேச ஆளில்லை. ஒரே வீட்டில் இரண்டு தனிமைகள்.

ஒருநாள் சரத்சிறியின் பழைய நண்பர் வருகிறார். கணவர் முன்னாள் இராணுவ வீரர் என்பதைச் செல்வி அப்போதுதான் அறிகிறாள். அந்த உண்மை அவர் வாயிலிருந்தே முதலில் வந்திருந்தால்? வரவில்லை. பின்னர் மன்னிப்புக் கேட்கிறார், கெஞ்சுகிறார். எனினும் படம் செல்வியின் மரணத்தில் முடிகிறது.

இதில் நாம் கற்கவேண்டிய பாடம் யாது? பாதுகாப்பு வேறு, அடைக்கலம் வேறு. கூரையும் சோறும் பாதுகாப்புத் தரலாம். உண்மையும் மரியாதையும் சேரும்போதே அது அடைக்கலமாகிறது. ஒப்புரவு அருட்சாதனத்தில் மனஸ்தாபம், பாவசங்கீர்த்தனம், பரிகாரம் என மூன்றும் வேண்டும் என்று சிறுவயதிலேயே படித்தோம். சரத்சிறியிடம் மனஸ்தாபம் இருக்கிறது. பாவசங்கீர்த்தனத்தைத்தான் பிறர் வாய் திறக்கும்வரை ஒத்திப்போட்டார்.

இது நமக்கு அந்நியமான கதையன்று. 1977ஆம் ஆண்டு வன்செயலுக்குப் பின் தோட்டங்களை விட்டு வவுனியாவுக்கும் வன்னிக்கும் போன குடும்பங்கள் எத்தனையோ. அவர்களிற் பலர் 2009இல் போரின் இறுதியில் மறுபடியும் அகதிகளானார்கள். ஓடிப்போனவர்களும் நாம்தான், ஓடி வந்தவர்களுக்குப் பக்கத்து லயத்தில் இருந்தவர்களும் நாம்தான்.

இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963இல் சமூகத் தொடர்பு சாதனங்கள் பற்றி வெளியிட்ட விதித்தொகுப்பு, பார்ப்பதை ஆராய்ந்து தெளிவதும் நம் கடமை என்கிறது. இளைஞர் மன்றங்கள் இப்படத்தைப் பார்த்தபின் மூன்று கேள்விகளைக் கலந்துரையாடலாம்:

1. செல்விக்கு அவ்வீட்டில் கிடைத்தது என்ன? கிடைக்காதது என்ன?
2. சரத்சிறி எந்த நேரத்தில் உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும்?
3. நமது பங்கில் வெளியூரிலிருந்து வந்து தனித்திருப்பவர் யார்? அவரது கதையை நாம் எப்போதாவது கேட்டோமா?

மூன்றாம் கேள்விக்குப் பதில் படத்தில் இல்லை. ஞாயிறு பூசை முடிந்து வீடு திரும்பும் வழியில் தேடிப் பாருங்கள்.