சிந்திக்கும் தூசு

கேள்வி: கற்பனை உலகங்களில் வரும் உயிருள்ள பொருள்களில் உங்களை மிகவும் ஈர்த்தது எது?

பதில்: பிலிப் புல்மனின் ‘டஸ்ட்’. தயங்காமல் சொல்வேன். ‘ஹிஸ் டார்க் மெட்டீரியல்ஸ்’ என்ற அவருடைய மூன்று நாவல்களில் (1995–2000) வரும் தூசு அது. கண்ணுக்குத் தெரியாத அந்தத் துகள்கள் சிந்திக்கும். கேட்டால் பதிலும் சொல்லும். பெரியவர்களை மொய்க்கும், குழந்தைகளை அவ்வளவாக நாடாது. அதனாலேயே கதையில் வரும் திருச்சபை அதை ஆதிபாவத்தின் அடையாளமாகக் கண்டு அஞ்சுகிறது. பிள்ளைகளைப் பிடித்துப்போய், விலங்குருவில் உடன் வாழும் அவர்களின் ஆன்மாவையே வெட்டிப் பிரிக்கும் கொடுமைவரை அந்த அச்சம் போகிறது.

எனக்கு மிகப் பிடித்தது மூன்றாம் நாவலின் முலெஃபா இனம். பெரிய விதைக்காய்களைச் சக்கரமாக மாட்டிக்கொண்டு ஓடும் உயிர்கள். அவற்றின் கண்ணுக்குத் தூசு இயல்பாகவே தெரியும். மேரி மலோன் என்ற இயற்பியலாளர் மரப்பிசினில் தகடுகள் செய்து, அந்தக் காயின் எண்ணெயைப் பூசிப் பார்க்கிறார், அவருக்கும் தெரிகிறது. அந்தக் காய்களைத் தரும் மரத்தின் பூக்கள் வானம் பார்த்து விரிந்திருக்க, தூசோ பக்கவாட்டில் ஓடிக்கொண்டிருக்கிறது. தூசு உள்ளே விழாததால் பூக்கள் கருவுறாமல் மரங்கள் அழிகின்றன. கதையின் பல உலகங்களுக்கிடையே ஒரு மாயக்கத்தி வெட்டிய சன்னல்கள் வழியாகத் தூசு கசிந்து போவதே காரணம்.

மந்திரப் பொருளை எடுத்துச் செலவழிக்கும் சக்தியாக மட்டுமே பலர் எழுதுகிறார்கள். புல்மனின் தூசுக்கு உயிர்கள் வேண்டும், உயிர்களுக்கும் அது வேண்டும். ‘நார்தர்ன் லைட்ஸ்’ நாவலில் தொடங்குங்கள். வரிசை மாற்றிப் படிக்க வேண்டாம்.